செய்திக்கு இடும் பெயர்

(சங்கத்தின் ஆண்டு விழாவில் ஆற்றிய சொற்பொழிவு)



இசையும் நாடகமும் காத்திருக்கும் மேடையில் ஏறி அயல்நாட்டு நெருக்கடிகளைப் பற்றிப் பேசுவது, கலியாணப் பந்தியில் கஷாயம் பரிமாறுவதை ஒக்கும். ஆயினும் தில்லியில் வாழும் தமிழ்க் குடும்பத்தாராகிய நமக்கு இப்பொருளில் ஒரு தனி உரிமை உண்டு. காலையில் ஆங்கில நாளிதழோ இந்தி நாளிதழோ நம் வாயிலில் வந்து விழுகிறது. மாலையில் தமிழ் இதழையோ தமிழ்த் தொலைக்காட்சியையோ காண்கிறோம். கடலுக்கு அப்பால் நிகழ்ந்த ஒரே நிகழ்ச்சி, பொழுது சாய்வதற்குள் நம் வீட்டில் இரண்டு பெயர் பெற்றுவிடுகிறது. சென்னையில் இருப்பார்க்கு ஒரு பெயரே கேட்கும். நம் அண்டை வீட்டு வடநாட்டு நண்பர்க்கும் ஒரு பெயரே கேட்கும். கரோல்பாகிலும் ராமகிருஷ்ணபுரத்திலும் மயூர் விகாரிலும் இருக்கும் நாம் இரண்டையும் கேட்கிறோம். அந்தப் பெயர்களைப் பற்றியே இன்று பேச விழைகிறோம்.

படத்துக்குச் சட்டம் போடுவோர், சட்டத்தின் அளவுக்கு ஏற்பப் படத்தின் ஓரத்தை வெட்டிவிடுவதைக் கண்டிருக்கிறோம். வெட்டப்பட்ட ஓரத்தில் யார் நின்றார் என்பது, சுவரில் மாட்டிய பிறகு பார்ப்பவர்க்குத் தெரியாது. செய்தித்தாளும் ஒரு நெருக்கடிக்கு இவ்வாறே சட்டம் போடுகிறது. அச்சட்டத்தின் நான்கு மரச் சட்டங்களுள் வலியது, அந்நெருக்கடிக்கு முதல் நாளன்று இடும் பெயர்.

நம் நகரத்து நாடாளுமன்றத் தெருவில் அகில இந்திய வானொலி மாளிகையும் பிரஸ் டிரஸ்ட் கட்டடமும் அருகருகே நிற்கின்றன. பிரஸ் டிரஸ்ட் 1947இல் சென்னையில் பதிவு செய்யப்பெற்று, 1949இல் ராய்ட்டர் நிறுவனத்தின் கிளையிடமிருந்து பணியை ஏற்றது. அதுவரை உலக நிகழ்ச்சிகள் பெரும்பாலும் லண்டன் வழியாகவே, லண்டன் இட்ட பெயரோடு நமக்கு வந்தன. வானொலி மாளிகையிலிருந்து பல்லாண்டுகள் தமிழ்ச் செய்தி ஒலிபரப்பாயிற்று. நாடு விடுதலை பெற்ற செய்தியை 1947 ஆகஸ்ட் 15 அன்று தமிழில் வாசித்த பெருமை, பின்னாளில் நடிகராகப் புகழ்பெற்ற பூர்ணம் விசுவநாதனுக்கு உரியது. சரோஜ் நாராயணசுவாமி அம்மையாரின் குரலைக் கேட்டுக் கடிகாரத்தைத் திருத்திக்கொண்ட வீடுகள் தமிழகத்தில் எத்தனையோ! அச்செய்தியின் மூலம் பொதுச் செய்தி அறையில் ஆங்கிலத்தில் எழுதப்படும். தமிழ்ப் பிரிவினர் சில நிமிடங்களில் அதைத் தமிழாக்கி வாசிக்க வேண்டும். ‘மிலிட்டன்ட்’ என்று ஆங்கிலத் தாளில் வந்தால் அதைப் போராளி என்பதா, தீவிரவாதி என்பதா, பயங்கரவாதி என்பதா? மூன்றும் அகராதியில் அண்டை வீட்டுச் சொற்களே. கேட்பவன் உள்ளத்திலோ அவை மூன்று வேறு மனிதரை எழுப்பும். இலங்கை நெருக்கடியின் ஆண்டுகளில், தில்லியில் ஒரு மேசையில் அமர்ந்தவர் தேர்ந்த சொல்லே திருநெல்வேலிச் சிற்றூரின் தேநீர்க் கடையில் ஒலித்தது. 1997இல் பிரசார் பாரதி அமையும் வரையில் வானொலி நேரே அமைச்சகத்தின் கீழ் இருந்தது என்பதையும் உடன் நினைவிற் கொள்ள வேண்டும்.

பெயரிடுவதில் தடுமாறுவது பெரிய நாடுகளுக்கும் உண்டு. 1956இல் சூயெஸ் கால்வாயின்மீது படை செலுத்திய பிரிட்டிஷ் பிரதமர் ஈடன், அது போரன்று, ஆயுத மோதலே என்றார். அதை ஆக்கிரமிப்பு என்று உடனே உரைத்த நம் தில்லி, அதே நவம்பரில் சோவியத் டாங்கிகள் புடாபெஸ்டுக்குள் புகுந்தபோது பெயர் தேடித் தயங்கியது. ஜெயப்பிரகாச நாராயணர் போன்றோர் அத்தயக்கத்தை வெளிப்படையாகக் கண்டித்தனர். மேலைநாட்டுச் செய்தி நிறுவனங்கள் ஏழை நாடுகளைத் தம் கண்ணாடி வழியே காட்டுகின்றன என்னும் குறையைத் தீர்க்க, அணிசேரா நாடுகளின் செய்தி நிறுவனங்கள் 1976 ஜூலையில் இதே தில்லியில் கூடிப் பொதுச் செய்திக் கூட்டமைப்பு ஒன்றை அமைத்தன. குறை மெய்யானதே. ஆனால் அப்போது இங்கு நெருக்கடி நிலை. ஓராண்டுக்கு முன் ஜூன் 25 இரவு பகதூர்ஷா ஜாபர் சாலையில் நாளிதழ்களின் மின்சாரம் துண்டிக்கப்பட்டிருந்தது. நான்கு செய்தி நிறுவனங்கள் ‘சமாச்சார்’ என ஒன்றாக்கப்பட்டிருந்தன. அயலான் போட்ட சட்டத்தைக் கழற்றிய அரசுகள், தம் சட்டத்தை மாட்ட ஆணியும் சுத்தியலும் ஆயத்தமாக வைத்திருந்தன!

இனி நமக்கு அண்மையில் உள்ள கடலுக்கு வருவோம்.

1983 ஜூலையில் கொழும்பிலும் பிற நகர்களிலும் தமிழர் வீடுகளும் கடைகளும் எரிந்தன. வெலிக்கடைச் சிறையில் ஜூலை 25, 27 ஆகிய இரு நாட்களில் 53 தமிழ்க் கைதிகள் கொல்லப்பட்டனர். உலகப் பத்திரிகைகள் பல இதற்கு இட்ட பெயர் ‘இனக்கலவரம்’. கலவரம் என்னும் சொல்லுக்கு இரு கைகள் வேண்டும். இருதரப்பார் மோதினர் என்பது அதன் உட்பொருள். அரசின் காவலில், பூட்டிய அறையில் இருந்தவர் எவரோடு மோதினார்? தில்லிவாசிகளாகிய நமக்கு அச்சொல்லின் குற்றம் அடுத்த ஆண்டே நேரில் விளங்கிற்று. 1984 நவம்பரின் முதல் நாட்களில், மயூர் விகாரை அடுத்த திரிலோக்புரியில் சீக்கியர் வீடு வீடாகத் தேடிக் கொல்லப்பட்டனர். தில்லியில் மட்டும் 2,733 பேர் மாண்டனர் என்பது அரசே ஏற்ற கணக்கு. அதற்கும் ‘தில்லிக் கலவரம்’ என்றே பெயர் நிலைத்தது. கொழும்பு நிகழ்ச்சிக்கு அப்பெயர் பொருந்தாது என்று வாதிடும் நாம், நம் தெருக்கோடியில் நிகழ்ந்ததற்கு அதே பெயரை இன்றும் சொல்லி வருகிறோம்.

1987இன் கதையோ இன்னும் நுணுக்கமானது. அவ்வாண்டு மே இறுதியில் இலங்கைப் படை வடமராட்சியில் பெருந்தாக்குதல் தொடங்கிற்று. ஜூன் 3 அன்று இந்தியாவிலிருந்து உணவுப் பொருள்களோடு சென்ற படகுகளை இலங்கைக் கடற்படை மறித்துத் திருப்பியது. மறுநாள் பிற்பகல், இலங்கைத் தூதரை அழைத்துச் செய்தி சொல்லிவிட்டு, பெங்களூரிலிருந்து புறப்பட்ட ஐந்து ஆன்டனோவ் சரக்கு விமானங்கள், மிராஜ் போர் விமானங்கள் உடன்வர, யாழ்ப்பாணத்தின்மேல் ஏறத்தாழ 25 டன் பொருள்களைப் பாராசூட்டில் இறக்கின. அந்நடவடிக்கைக்குப் ‘பூமாலை’ என்று பெயர். போர் விமானம் துணைபோன ஒரு செயலுக்குத் தில்லி தேர்ந்த தமிழ்ச் சொல் அது! தில்லி அதனை மனிதாபிமான உதவி என்றது. கொழும்பு இறைமை மீறல் என்றது. தமிழகம் அதனை மாலையாகவே ஏற்று மகிழ்ந்தது.

25 டன் என்பது மூன்று லாரிகளில் அடங்கும் சுமை. பல இலட்சம் மக்கள் வாழும் குடாநாட்டுக்கு அது ஒருவேளைச் சோற்றுக்கும் காணாது. அவ்விமானங்களில் பத்திரிகையாளர்களும் ஏற்றிச் செல்லப்பட்டனர் என்பதைக் கருதினால், அன்று இறக்கப்பட்ட சரக்குகளுள் எடை மிகுந்தது செய்தியே எனலாம். உதவி என்று பெயரிட்டால், அரிசி போதுமா என்று வாசகன் கேட்பான். மீறல் என்று பெயரிட்டால், உலகச் சட்டம் என்ன சொல்லுகிறது என்று கேட்பான். ‘இதன் பின் இந்தியா அத்தீவில் என்ன செய்ய எண்ணுகிறது?’ என்னும் கேள்விக்கு இரு பெயர்களுமே வழி விடவில்லை. விடை எட்டு வாரங்களுக்குள் வந்தது. ஜூலை 29 அன்று ராஜீவ் காந்தியும் ஜெயவர்த்தனாவும் கொழும்பில் உடன்படிக்கை செய்தனர். இந்தியப் படை யாழ்ப்பாணம் சென்றது.

அப்படைக்கு இட்ட பெயர் ‘அமைதி காக்கும் படை’. அக்டோபர் 10 அன்று அப்படைக்கும் விடுதலைப் புலிகளுக்கும் போர் மூண்டது. போர் மூண்ட அந்நாளில் படை கைவைத்த இடங்களுள் ‘ஈழமுரசு’, ‘முரசொலி’ என்னும் இரு யாழ்ப்பாண நாளிதழ்களின் அச்சகங்களும் அடங்கும். படையின் வேலை மாறியது, பெயர் மாறவில்லை. ‘அமைதிப்படை முன்னேறுகிறது’, ‘அமைதிப்படையின் முற்றுகை’ என்று இரண்டரை ஆண்டுகள் நாளிதழ்களில் தலைப்புகள் வந்தன. இச்சொற்கோவையின் முரண் கண்ணில் படாத அளவுக்குப் பெயர் பழகிவிட்டது. அக்டோபர் 21, 22 நாட்களில் யாழ்ப்பாணப் பொது மருத்துவமனையில் மருத்துவரும் செவிலியரும் நோயாளரும் உட்பட ஏறத்தாழ எழுபதின்மர் மாண்டனர். இருதரப்புத் துப்பாக்கிச் சூட்டின் இடையே சிக்கி மாண்டனர் என்பது படையின் கூற்று. உள்ளே இருந்து பிழைத்தோர் கூற்று அதுவன்று. இவ்விரு கூற்றுகளையும் ஒரே பக்கத்தில் அருகருகே வைத்துப் படிக்கும் வாய்ப்பு அந்நாளில் தில்லி வாசகனுக்கு எளிதாகக் கிட்டவில்லை.

பெயரின் சுமையைக் கடைசியில் சுமந்தவர் அப்படையின் சிப்பாய்களே. ஏறத்தாழ 1,200 பேர் அத்தீவில் உயிரிழந்தனர். எஞ்சியோர் 1990 மார்ச்சில் சென்னைத் துறைமுகத்தில் வந்திறங்கியபோது, தமிழக முதலமைச்சர் வரவேற்கச் செல்லவில்லை. தில்லியும் அவர்களைப் பற்றிப் பேச விரும்பவில்லை. அமைதி காக்கச் சென்றவர் போரில் மாண்டார் என்பதை எந்தத் தலைப்பில் இடுவது? மாண்டோர் பெயர்களைப் பொறித்த நினைவுச் சின்னம் கொழும்பின் அருகே 2008இல் எழுந்தது. நம் இந்தியா கேட் அருகில் தேசியப் போர் நினைவிடம் திறக்கப்பெற்றது 2019 பிப்ரவரியில்தான். பிள்ளைகளை அங்கு அழைத்துச் செல்வோர், ‘பவன்’ என்னும் நடவடிக்கையில் மாண்ட வீரர் பெயர்களைக் காட்டுக. அவற்றுள் நம் ஊர்ப்பெயர்களும் இருக்கும்.

2009ஆம் ஆண்டு நம்முள் பலருக்கு ஆறாத புண். அதில் செய்தி வகித்த பங்கை மட்டும் சொல்லுவோம். போர்ப் பகுதிக்குள் பத்திரிகையாளர் தன்னுரிமையோடு செல்ல இயலவில்லை. ‘சண்டே லீடர்’ ஆசிரியர் லசந்த விக்கிரமதுங்க அவ்வாண்டு ஜனவரி 8 அன்று கொழும்புப் பகுதியிலேயே பட்டப்பகலில் கொல்லப்பட்டார். எனவே வன்னியிலிருந்து வந்த செய்தியென நாம் படித்தவற்றுட் பெரும்பாலானவை கொழும்பில் எழுதப்பட்டவை. கொழும்பு அப்போருக்கு இட்ட பெயர் ‘மனிதாபிமான நடவடிக்கை’. மருத்துவமனைகளின்மேல் குண்டு விழுந்தது என்ற செய்தியை அப்பெயரின் கீழ் எப்படி எழுதுவது? எழுதினால் ‘புலிகளின் இணையதளம் கூறுகிறது’ என்ற வாலோடு எழுதினார்கள்.

பெயரைக் காட்டிலும் கொடியது எண். போர்ப் பகுதியில் ஓர் இலட்சத்துக்கும் குறைவான மக்களே எஞ்சியுள்ளனர் என்று அவ்வாண்டின் தொடக்கத்தில் கொழும்பில் சொல்லப்பட்டது. போர் முடிந்தபின் முகாம்களில் எண்ணப்பட்டோர் 2,80,000க்கும் மேல். இது வெறும் கணக்குப் பிழையா? தலை எண்ணிக்கையைக் கொண்டே உணவும் மருந்தும் அனுப்பப்பட்டன. குறைத்துச் சொன்ன ஒவ்வோர் ஆயிரமும் ஆயிரம் இலைகளைப் பந்தியிலிருந்து எடுத்துவிட்டது. ‘இலட்சத்துக்குக் குறைவு’ என்ற எண்ணை வாங்கி அச்சிட்ட பத்திரிகை எதுவும் பொய் எழுத எண்ணியிருக்காது. கொடுத்த எண்ணை யார் எண்ணினார் என்று கேட்காமல் அச்சிட்டது, அவ்வளவே.

நம் நாட்டில் அது தேர்தல் காலம். ஏப்ரல் 27 அன்று, கனரக ஆயுதங்களை இனிப் பயன்படுத்துவதில்லை என்று கொழும்பு அறிவித்தது. அவ்வறிவிப்புப் பாக் நீரிணையைக் கடந்து வருவதற்குள் ‘போர்நிறுத்தம்’ என்று மாறிவிட்டது. போர்நிறுத்தம் அன்று என்று கொழும்பே மறுத்துரைத்தது. மே 16 அன்று இங்கு வாக்கு எண்ணிக்கை. தில்லித் தொலைக்காட்சிகளில் வெற்றியும் தோல்வியும், பிறகு அமைச்சரவைப் பங்கீடும் நிரம்பி வழிந்த அதே மூன்று நாட்களில்தான் முள்ளிவாய்க்கால் முடிந்தது. 40,000 பொதுமக்கள் வரை மாண்டிருக்கக்கூடும் என்று ஐக்கிய நாடுகள் அவையின் வல்லுநர் குழு சொன்னது 2011 ஏப்ரலில் வெளியாயிற்று. செய்தி வர இரண்டு ஆண்டுகள்!

இவ்வளவும் தில்லியையும் கொழும்பையும் பற்றிச் சொன்னோம். தமிழ்ச் செய்தியுலகம் போட்ட சட்டத்தையும் அளந்து பார்ப்பதுதான் நேர்மை. 1990 அக்டோபர் 30 அன்று யாழ்ப்பாணத்து முஸ்லிம்கள் இரண்டு மணி நேரத்துக்குள் ஊரைவிட்டு வெளியேறும்படி விடுதலைப் புலிகளால் ஆணையிடப்பட்டனர். அம்மாதத்தில் வட மாகாணத்திலிருந்து 70,000க்கும் மேற்பட்டோர் இவ்வாறு விரட்டப்பட்டனர். வீட்டில் தமிழ் பேசுவோர் அவர்கள். ‘தமிழர்க்கும் சிங்களவர்க்கும் போர்’ என்னும் தலைப்பில் அவர்களை எங்கே நிறுத்துவது என்று தமிழ் இதழ்கள் அறியவில்லை. ஆகையால் பெரும்பாலும் நிறுத்தவேயில்லை. 2009இல் உற்றாரைத் தேடித் தவித்தோர்க்கு வேண்டியிருந்தது இறந்தார், இருப்பார் பட்டியல். அதைத் தேடித் தருவதை விட்டுச் சில தமிழ் இதழ்கள், தலைவர் உயிரோடு இருக்கிறார் என்று வாரந்தோறும் எழுதி விற்றன. இதனை இம்மேடையில் சொல்வது சிலர்க்குக் கசக்கலாம். கொழும்பின் பெயரை ஏற்க மறுக்கும் உரிமை நமக்கு எங்கிருந்து வந்ததோ, அங்கிருந்தே இதனைச் சொல்லும் கடமையும் வந்தது.

மீனவர் செய்தியை எடுத்துக்கொள்வோம்; மாதம் ஒரு முறையேனும் நாம் படிக்கும் செய்தி அது. இராமேசுவரத்துப் படகு ஒன்று பிடிபடுகிறது. தமிழ் இதழில் ‘தமிழக மீனவர் கைது, சிங்களக் கடற்படை அட்டூழியம்’. தில்லி இதழில், வந்தால், ‘இந்திய மீனவர்’ என்று நான்கு வரி. கொழும்பு இதழில் ‘அத்துமீறி மீன் திருடியோர்’. மூன்று தலைப்புகளிலும் ஒருவரைக் காணோம். நெடுந்தீவிலும் பருத்தித்துறையிலும் சிறு படகில் வலை விரித்துவிட்டுக் காலையில் அறுந்த நூலை இழுத்தெடுக்கும் யாழ்ப்பாணத்து மீனவர் அவர். அவரும் தமிழரே. போர்க்காலத்தில் கடலுக்குப் போக இயலாதிருந்து, 2009க்குப் பின் கடன் வாங்கி வலை வாங்கியவர். தமிழகத்தில் விசைப்படகு என்று சொல்லும் இழுவைமடிப் படகு, கடலடியைத் துடைப்பம் போட்டதுபோல் வாரிச் செல்லும்போது அவர் வலையையும் சேர்த்து வாரிவிடுகிறது. இலங்கை 2017இல் இழுவைமடி மீன்பிடிப்பைச் சட்டத்தால் தடை செய்தது. கச்சத்தீவு, 1974 உடன்படிக்கை, கடற்படை என்னும் சொற்களுக்குள்ளேயே நம் செய்தி சுழல்வதால், மடி என்னும் சொல் வாசகன் காதில் விழுவதில்லை. சிங்களவர்க்கும் தமிழர்க்கும் சண்டை என்று வைத்த சட்டத்துக்குள், தமிழ் மீனவர் இருவர் ஒரே கடலில் ஒரே இறாலுக்கு நிற்கும் படம் அடங்க மறுக்கிறது. நம் இராமேசுவரத்து மீனவர்மேல் துப்பாக்கிச் சூடு நடந்த நாட்கள் உண்டு, உயிர்கள் போயின, அதை எவரும் மறைக்க வேண்டுவதில்லை. ஆனால் இரு கரையினரும் அமர்ந்து பேசித் தீர்க்க வேண்டிய ஒன்றை ‘படையெடுப்பு’ப் போல் எழுதி வந்தால், பேச உட்காருபவன் துரோகியாகிவிடுவான்.

வீட்டில் பிள்ளைகளோடு இரண்டு இதழ்களையும் ஒரே மேசையில் விரித்துப் படிப்பது கடினமான காரியமன்று. இச்செய்தி எந்த ஊரிலிருந்து எழுதப்பட்டது, இவ்வெண்ணை எண்ணியவர் யார், இவர்க்கு இப்பெயரை இட்டவர் யார் என்று பன்னிரண்டு வயதுப் பிள்ளையும் கேட்டுப் பழகலாம். 2022 ஜூலை 9 அன்று கொழும்பில் மக்கள் அதிபர் மாளிகைக்குள் புகுந்தபோது, எல்லாத் தொலைக்காட்சிகளும் நீச்சல் குளத்தைக் காட்டின. அந்தக் குளத்தைக் கண்ட பிள்ளை, ‘யாழ்ப்பாணத்தில் அன்று என்ன நடந்தது?’ என்று கேட்டால், அவனுக்குச் செய்தி படிக்கத் தெரிந்துவிட்டது என்று நாம் மகிழலாம்.

இறுதியாக, பெயர் ஒன்றால் இன்னும் தொங்கிக்கொண்டிருக்கும் சிலரைப் பற்றிச் சொல்ல வேண்டும். 1983 முதல் படகேறி வந்த இலங்கைத் தமிழர், 2021இல் தமிழகத்தின் நூற்றுக்கு மேற்பட்ட முகாம்களில் ஏறத்தாழ 58,000 பேர் இருந்தனர். அம்முகாம்களிலேயே பிறந்து, வேறு மண்ணைக் காணாது வளர்ந்தோர் பலர். தமிழ் இதழ்கள் அவர்களை அகதிகள் என்றன. அவ்வாண்டு ஆகஸ்டில் தமிழக அரசு அகதிகள் முகாம் என்னும் பெயரை நீக்கி, ‘இலங்கைத் தமிழர் மறுவாழ்வு முகாம்’ என்று வழங்கலாயிற்று. தில்லியில் வேறொரு பெயரும் உண்டு. 2003இல் திருத்திய குடியுரிமைச் சட்டத்தின் மொழியில், உரிய ஆவணமின்றி வந்தவர் ‘சட்டவிரோதக் குடியேறி’. 2019இல் அச்சட்டத்தை மீண்டும் திருத்தியபோது மூன்று நாடுகளிலிருந்து வந்தோர்க்கு விலக்கு அளித்தனர். இலங்கை அவற்றுள் இல்லை. அன்று தில்லித் தொலைக்காட்சிகளில் வாரக்கணக்கில் நடந்த வாதங்களில் பாகிஸ்தான், வங்காளதேசம், ஆப்கானிஸ்தான் என்னும் மூன்று பெயர்களே மீண்டும் மீண்டும் ஒலித்தன. மண்டபம் முகாமின் பெயர் ஒலித்தது அரிது. 2025 செப்டம்பரில், 2015 ஜனவரி 9 வரை வந்து பதிவு செய்துகொண்ட இலங்கைத் தமிழர்க்கு, ஆவணமின்மைக்கான தண்டனையிலிருந்து உள்துறை அமைச்சகம் விலக்களித்தது. தண்டனை நீங்கிற்று, குடியுரிமை அதனோடு வரவில்லை. அவ்வாணையிலும் தேவைப்பட்டது ஒரு பெயர்தான். நாற்பது ஆண்டுகளாக இம்மண்ணில் இருப்பவரை எப்பெயரால் அழைப்பது என்று எழுதும் மேசைகள், நம் வீடுகளிலிருந்து சில மைல் தொலைவில், நம்மவர் பலர் நாள்தோறும் பணிக்குச் செல்லும் கட்டடங்களில் இருக்கின்றன.